எல்லா வேலையும் தெரிந்தவரின் முடியாத படம்: ஒரு சுயாதீன இயக்குநரின் தொழில் பாதை

இது ஒரு சுயாதீன இயக்குநரின் முதல் முழுநீள ஆவணப்படம் நான்கு ஆண்டுகள் நின்றுபோனதையும், பிறகு முடிந்ததையும், அது அவருடைய தொழிலை எங்கே கொண்டுபோனது என்பதையும் பற்றிய பதிவு. அவர் கேமரா, படத்தொகுப்பு, கலர் கிரேடிங் (படத்தின் நிறத்தையும் ஒளியையும் சீராக்குவது), ஒலிப்பதிவு, இயக்கம் என ஐந்து வேலைகளையும் கூலிக்குச் செய்யும் அளவுக்குக் கற்றவர். படத்தை முடிக்க என்ன பாக்கி இருக்கிறது என்று மதிப்பிடுவதற்காக 2017-ல் என்னை அழைத்தார். அதிலிருந்து கடைசிப் பிரதி போகும் வரை, படப்பிடிப்புக்குப் பிந்தைய வேலைகளான போஸ்ட் புரொடக்‌ஷன் மேற்பார்வை என் பொறுப்பு. சம்பந்தப்பட்டவர்களின் சம்மதத்தோடு, பெயர்கள் இல்லாமல் எழுதுகிறேன்.

## பின்னணி

அவர் தொடங்கியது ஒரு தொலைக்காட்சித் தயாரிப்பு நிறுவனத்தில், உதவி எடிட்டராக. மற்றவர்கள் எடுத்துவரும் ஃபுட்டேஜைக் கணினியில் ஏற்றி, பெயரிட்டு, ஒலியோடு பொருத்தி வைக்க வேண்டும். சின்ன வேலை என்று பலர் ஒதுக்கிவிடுவார்கள். ஆனால் எந்த ஷாட் இல்லாமல் எடிட்டர் திண்டாடுகிறார் என்பதை அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர்தான் தினமும் பார்க்கிறார். இயக்குநராக விரும்பும் யாருக்கும் நான் சொல்லும் முதல் வேலை அதுதான்.

2008 இறுதியில் கேனான் 5டி மார்க் 2 சந்தைக்கு வந்தது. பெரிய சென்சாரில் முழு எச்டி வீடியோ எடுக்கும் புகைப்படக் கேமரா அது. ஃபிலிமுக்கோ விலை உயர்ந்த சினிமா கேமராவுக்கோ வழியில்லாத ஒரு தலைமுறை அதை வாங்கியது, இவரும் வாங்கினார். முதலில் அது விநாடிக்கு 30 ஃபிரேம் மட்டுமே எடுத்தது. 2010-ல் கேமராவின் உள் மென்பொருளுக்கு (ஃபர்ம்வேர்) வந்த புதிய பதிப்புக்குப் பிறகுதான் 24, 25 ஃபிரேம்களும், ஒலி அளவைக் கையால் வைக்கும் வசதியும் கிடைத்தன. ஒரு கிளிப் சுமார் 12 நிமிடத்தில் நின்றுவிடும். கேமராவின் சொந்த ஒலி உதவாது என்பதால் தனி ரெக்கார்டர் வேண்டும். அந்த ஒலியைப் பிறகு, ஷாட்டில் பதிவான கைத்தட்டலை வைத்துப் படத்தோடு பொருத்த வேண்டும். ஆக, கேமரா வாங்கியவர் ஒலிப்பதிவும் கற்க வேண்டியதாயிற்று. 2011-ல் கலர் கிரேடிங் மென்பொருளான டாவின்சி ரிசால்வின் இலவசப் பதிப்பு வந்ததும் கலர் கிரேடிங்கும் சேர்ந்துகொண்டது.

அவருடைய பல்திறமை இப்படித்தான் வந்தது: ஒவ்வொரு கட்டத்திலும் அடுத்த ஆளுக்குக் கொடுக்கப் பணம் இல்லை, அதனால் தானே கற்றார். நிறுவனங்களுக்கான படங்கள், மேடை நிகழ்ச்சிப் பதிவுகள், மற்றவர்களின் குறும்படங்களுக்கு எடிட்டிங் என்று வருமானம் ஓடியது. 2012-ல் தானே எழுதி, எடுத்து, தொகுத்து, ஒலிகளைக் கலந்து மிக்ஸும் செய்த 17 நிமிடக் குறும்படம் சில விழாக்களுக்குப் போனது. அந்த அனுபவம் ஒரு நம்பிக்கையைக் கொடுத்தது: ஒரு படத்தைத் தொடக்கம் முதல் முடிவு வரை தனியாகவே செய்துவிடலாம்.

17 நிமிடத்துக்கு அது உண்மைதான். 2013-ல் அவர் தொடங்கியது மரப்படகு கட்டும் ஒரு குடும்பத்தைப் பற்றிய முழுநீள ஆவணப்படம்.

## 2017-ல் படம் இருந்த நிலை

நான் பார்த்தபோது முந்நூறு மணி நேரத்துக்கும் மேல் ஃபுட்டேஜ் இருந்தது. எடிட்டிங் டைம்லைனில் 3 மணி 10 நிமிட ரஃப் கட், அதாவது முதல்கட்டத் தொகுப்பு. அதற்கு முந்தைய பதிப்புகள் நிறைய. ஆனால் நீளம் பெரிதாகக் குறையவே இல்லை. படம் எங்கே தொடங்குகிறது என்பது மட்டும் ஒவ்வொரு பதிப்பிலும் மாறியிருந்தது.

காட்சிகள் நன்றாக இருந்தன. அதை முதலிலேயே சொல்ல வேண்டும். தச்சர் ஒருவர் பலகையை நெருப்பில் வாட்டி வளைக்கும் காட்சி போன்றவை, பொறுமையாக அருகிலேயே இருந்த ஒரு கேமராமேனுக்கு மட்டுமே கிடைப்பவை. பிரச்சினை அவற்றை எடுத்தவரே தொகுத்ததில் இருந்தது. எந்த ஷாட்டை நீக்கலாம் என்று கேட்டால், அன்று மழையில் நின்றதும், படகை ஏற்றுவதற்கு மூன்று நாள் காத்திருந்ததும் அவருக்கு நினைவுக்கு வந்தது. பார்வையாளருக்கு அந்த மழை தெரியாது. திரையில் இருப்பது மட்டும்தான் தெரியும்.

அடுத்து அவருடைய நாட்காட்டியைப் பார்த்தோம். பகலில் மற்றவர்களின் படங்களை எடிட் செய்தார். இரவில் தன் படத்தை எடிட் செய்ய உட்கார்ந்தார். இரண்டும் ஒரே வகைக் கவனத்தைக் கேட்கும் வேலை. ஷூட்டிங்குக்குப் போன மாதங்களில் மட்டும், உடல் களைத்திருந்தாலும், தன் படத்தில் அவர் நல்ல முடிவுகள் எடுத்திருந்தார். பதிப்புகளின் தேதிகளை வேலைத் தேதிகளோடு ஒப்பிட்டபோது இது தெளிவாகத் தெரிந்தது. அவரே அதைக் கவனித்திருக்கவில்லை.

பணமும் இதோடு சேர்ந்தது. ஒரு வேலைக்குச் சம்மதித்து மூன்று வேலை செய்வது அவருக்குப் பழக்கமாகியிருந்தது. எடிட்டராகப் போவார், "அப்புறம் கலரையும் நீங்களே பார்த்துவிடுங்களேன்" என்பார்கள், பார்த்துவிடுவார். சந்தையில் அவருக்கு "எல்லாம் செய்வார்" என்று பெயர். ஐந்து வேலைக்கு ஒரே ஆளைத் தேடுவது பெரும்பாலும் ஐந்து பேருக்குச் சம்பளம் இல்லாத படம்தான். எனவே அந்தப் பெயர் அவரைத் திரும்பத் திரும்பச் சின்ன பட்ஜெட்டுகளுக்கே இழுத்துச் சென்றது. நல்ல சம்பளம் தரும் ஒரு தயாரிப்பாளர் கேமராமேன் தேடும்போது கேமராமேனைத்தான் தேடுகிறார்.

கடைசியாக, நிதி விண்ணப்பங்கள். ராட்டர்டாம் விழாவின் ஹூபர்ட் பால்ஸ் நிதி, ஆம்ஸ்டர்டாமின் இட்ஃபா ஆவணப்பட விழாவின் பெர்தா நிதி, பெர்லின் விழாவின் வேர்ல்ட் சினிமா ஃபண்ட் போன்றவை சுயாதீனப் படங்களுக்கு உண்மையான வாய்ப்புகள். ஆனால் எல்லாப் பொறுப்பிலும் ஒரே பெயர் இருக்கும் விண்ணப்பத்தைப் படிக்கும் குழுவுக்கு ஒரு கேள்வி எழும்: இந்தப் படத்தை வேறு யாராவது நம்புகிறார்களா? அமெரிக்க இயக்குநர் ஸ்டீவன் சோடர்பர்க் தன் படங்களைத் தானே ஒளிப்பதிவு செய்யும்போது பீட்டர் ஆண்ட்ரூஸ் என்றும், தொகுக்கும்போது மேரி ஆன் பெர்னார்ட் என்றும் புனைபெயர்களைப் போட்டுக்கொள்கிறார். அவ்வளவு நிலைபெற்ற ஒருவரே டைட்டில் முழுக்கத் தன் பெயரை நிரப்பவில்லை என்பதை நான் இவருக்கு எடுத்துச் சொன்னேன்.

## எடுத்த முடிவுகள், காரணங்கள்

முதல் முடிவு கூலி வேலையைப் பற்றியது. முழுவதும் நிறுத்த முடியாது, வாடகை இருக்கிறது. எதை நிறுத்துவது என்பதுதான் கேள்வி. வெளி எடிட்டிங் வேலைகளை நிறுத்திவிட்டு, கேமரா வேலையை மட்டும் வைத்துக்கொள்வது என்று முடிவானது. ஷூட்டிங் குறிப்பிட்ட நாட்களில் தொடங்கி முடிந்துவிடும். எடிட்டிங் மாதக்கணக்கில் தலைக்குள் குடியிருக்கும். வேலை கேட்கும்போது காட்டும் மாதிரித் தொகுப்பான ஷோரீலையும் கேமராவுக்கு மட்டும் என்று வெட்டினார். இது அவருக்குப் பெரிய பயத்தைக் கொடுத்தது, ஏனென்றால் அப்போது வருமானத்தில் பாதிக்கு மேல் எடிட்டிங்கிலிருந்துதான் வந்தது. பயம் நியாயமானதுதான். அடுத்த ஓராண்டு வருமானம் விழுந்தது. நீண்ட நாள் வாடிக்கையாளர் ஒருவர் வேறு ஆளிடம் போய்விட்டார்.

இரண்டாவது முடிவு இதைவிடக் கடினமானது: தன் படத்தின் படத்தொகுப்பை வேறொருவரிடம் கொடுப்பது. படப்பிடிப்புக்கு ஒருமுறைகூட வராத, அந்தக் குடும்பத்தைச் சந்திக்காத ஒரு எடிட்டரைத் தேடினோம். பணம் முழுவதையும் கொடுக்க முடியாததால், ஒரு பகுதி கையில், ஒரு பகுதி படம் சம்பாதித்த பிறகு, மீதிக்கு ஈடாக எடிட்டரின் சொந்தக் குறும்படத்துக்குக் கலர் கிரேடிங் என்று ஒப்பந்தம். பல வேலை தெரிந்தவருக்கு இருக்கும் நல்ல வசதி இது. பணம் இல்லாத இடத்தில் கொடுக்க அவரிடம் வேறொரு திறமை இருந்தது.

எடிட்டர் முதல் ஆறு வாரம் ரஃப் கட்டைப் பார்க்கவே மறுத்தார். மூல ஃபுட்டேஜை மட்டும் பார்த்துக் குறிப்பெடுத்தார். அந்த நாட்கள் இயக்குநருக்கு மிகச் சிரமமாக இருந்தன. தினமும் என்னிடம் போன் செய்து கேட்பார். பிறகு வந்த முதல் கட்டில் நெருப்பில் பலகை வளைக்கும் காட்சி தொடக்கத்தில் இல்லை, நடுவில் இருந்தது. படகு மிதக்குமா என்ற கேள்வி படத்தின் முதுகெலும்பாகியிருந்தது. இருவருக்கும் வாக்குவாதம் வந்தது, சில நேரம் கடுமையாக. ஆனால் வாக்குவாதம் படத்தைப் பற்றியதாக இருந்தது. நான்கு ஆண்டுகளில் அந்தப் படத்தைப் பற்றி அவர் இன்னொருவரோடு வாதாடியது அப்போதுதான். ஒன்பது மாதத்தில் 82 நிமிடத்தில் படம் நின்றது.

மூன்றாவதாக, ஒரு தயாரிப்பாளர். எடிட்டரின் முதல் கட்டைப் பார்த்துத்தான் அவர் சேர்ந்தார். 3 மணி நேர ரஃப் கட்டை இதற்கு முன்பு அவரிடம் காட்டியபோது மறுத்திருந்தார்.

## வானொலியில் ஓடிய பாட்டு

படம் ஏறக்குறைய முடிந்த பிறகுதான் பெரிய சிக்கல் வெளிப்பட்டது. படகுப் பட்டறையில் நாள் முழுக்க வானொலி ஓடும். பல முக்கியக் காட்சிகளின் பின்னணியில் புகழ்பெற்ற பாட்டுகள் கேட்டன. ஆவணப்படத்தில் தற்செயலாகக் கேட்ட பாட்டுதானே, விட்டுவிடலாம் என்று தோன்றும். ஆனால் ஒரு பாட்டில் இரண்டு உரிமைகள் உண்டு. இசையும் வரிகளும் ஒருவருக்குச் சொந்தம். பதிவு செய்யப்பட்ட ஒலி இன்னொருவருக்குச் சொந்தம். இருவரிடமும் அனுமதி வேண்டும். தற்செயலான பயன்பாட்டுக்குச் சில நாடுகளில் சட்ட விலக்கு உண்டு, சிலவற்றில் இல்லை. பல நாடுகளில் ஓட வேண்டிய படத்துக்கு அந்த விலக்கை நம்புவது ஆபத்து. உரிமை மீறல் போன்ற வழக்குகளுக்காகத் தொலைக்காட்சிகள் கேட்கும் பிழைப்பொறுப்புக் காப்பீடு எடுக்கப் போனால், முதலில் கேட்பதே இந்தப் பட்டியலைத்தான்.

காட்சி காட்சியாக உட்கார்ந்து பார்த்தோம். நல்லவேளையாக இயக்குநர் பல நாட்கள் தச்சருக்குக் காலர் மைக் போட்டிருந்தார். அதில் பேச்சு பெரிதாகவும் வானொலி சிறிதாகவும் பதிவாகியிருந்தது. ஆனாலும் பாட்டையும் பேச்சையும் சுத்தமாகப் பிரிக்க அன்றைய மென்பொருட்களால் முடியவில்லை. குடும்பத்தினரை ஸ்டூடியோவுக்கு அழைத்துத் திரும்பப் பேசவைக்கலாம் என்று ஒரு யோசனை வந்தது. இயக்குநர் உடனே மறுத்தார்; அந்த மறுப்பு சரியானது. அந்தத் தச்சரின் குரல் இழுப்பும் மூச்சும் மரம் அறுக்கும்போது வருபவை, மைக் முன்னால் உட்கார்ந்து அவற்றை நடிக்கச் சொல்லக்கூடாது.

முடிவில் மூன்று வழிகளைக் கலந்தோம். பெரும்பாலான காட்சிகளில் காலர் மைக்கை மட்டும் வைத்து, மிச்சமாகக் கேட்ட பாட்டை அடையாளம் தெரியாத அளவுக்குக் குறைத்து, அதே பட்டறையில் தனியாகப் பதிவு செய்த ரம்பம், இழைப்புளி, சுத்தியல் ஒலிகளால் மேலே மூடினோம். தந்தையும் மகனும் பாட்டோடு சேர்ந்து முணுமுணுக்கும் ஒரு காட்சிக்கு மட்டும் பணம் கொடுத்து உரிமை வாங்கினோம், ஏனென்றால் அங்கே பாட்டுதான் காட்சி. ஒரு காட்சியை நீக்கியே விட்டோம். எடிட்டர் மிகவும் வருந்தினார், நானும்தான்.

இந்த வேலைக்கு ஒலி வடிவமைப்பாளர் ஒருவரை அமர்த்தியது நான்காவது முடிவு. இயக்குநருக்கு மிக்ஸிங் தெரியும். தெரிந்ததால்தான் இது தன் எல்லைக்கு வெளியே என்று சீக்கிரம் உணர்ந்தார்.

## உரிமைப் பத்திரங்கள்

இதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2014-ல் இயக்குநர் உடல்நலம் சரியில்லாமல் இருந்த சில வாரங்கள் நண்பர் ஒருவர் கேமராவைப் பிடித்திருந்தார். காகிதம் எதுவும் எழுதவில்லை. நட்புக்காகச் செய்தது. ஆனால் பல நாடுகளின் சட்டப்படி, சம்பளத்துக்கு வேலை செய்யும் ஊழியராக இல்லாத ஒருவர் எடுத்ததன் உரிமை, எழுதிக் கொடுக்காத வரை எடுத்தவருக்கே. தயாரிப்பாளர் அவரிடம் போய், டைட்டிலில் பெயரும் ஒரு தொகையும் கொடுத்து உரிமை மாற்றப் பத்திரம் வாங்கினார். நண்பர் நல்ல மனிதர், தடை சொல்லவில்லை. குடும்பத்தினரிடமிருந்தும் எழுத்தில் சம்மதம் வாங்கப்பட்டது. அதற்கு முன் முழுப் படத்தையும் அவர்களுக்குப் போட்டுக் காட்டினோம்.

## வெளியீடு

விழா எது என்பதில் தயாரிப்பாளர் பொறுமையாக இருந்தார். பெரிய விழாக்களின் போட்டிப் பிரிவுகள் உலக முதல் திரையிடலையோ, சொந்த நாட்டுக்கு வெளியே முதல் திரையிடலையோ எதிர்பார்க்கும். முன்பே சின்ன விழாவில் காட்டியிருந்தால் அந்தக் கதவு மூடிவிடும். நண்பர்கள் நடத்தும் ஒரு விழா ஆசையோடு கேட்டது, மறுக்க வேண்டியிருந்தது. இரண்டு பெரிய விழாக்கள் நிராகரித்த பிறகு, 2018-ல் ஆவணப்படங்களுக்கென்றே நடக்கும் ஒரு நடுத்தர சர்வதேச விழாவில் படம் முதலில் திரையிடப்பட்டது.

தொழில்நுட்பத்தில் ஒரு விஷயம் பதிவு செய்யத் தக்கது. படம் 25 ஃபிரேமில் எடுக்கப்பட்டது. திரையரங்குகளுக்குக் கொடுக்கும் டிஜிட்டல் பிரதியான டிசிபியின் பொதுத் தரம் 24. புதிய டிசிபி தரத்தில் 25-ம் செல்லும் என்றாலும், பழைய சர்வர்கள் உள்ள அரங்குகளில் ஓடாமல் போகலாம். எனவே 24-க்கு மெதுவாக்கினோம். 82 நிமிடம் சுமார் 85 நிமிடம் 25 விநாடி ஆயிற்று. ஒலியின் சுருதி இறங்காமல் திருத்தினோம். தொலைக்காட்சிக்கு 25-லேயே கொடுத்து, ஐரோப்பிய ஒளிபரப்புத் தரமான மைனஸ் 23 எல்யூஎஃப்எஸ் (ஒலியின் சராசரி உரப்பை அளக்கும் அலகு) அளவுக்குத் தனி மிக்ஸ் செய்தோம். திரையரங்கு மிக்ஸை அப்படியே தொலைக்காட்சிக்குக் கொடுத்தால் மெல்லிய பேச்சு வீட்டில் கேட்காது. இரண்டு மிக்ஸுக்கும் பட்ஜெட்டில் முதலிலேயே இடம் வைத்திருந்ததால் கடைசி நேரப் பதற்றம் இல்லை.

2019-ல் ஒரு தொலைக்காட்சி 52 நிமிடப் பதிப்பை வாங்கியது. அதையும் அதே எடிட்டர் வெட்டினார்.

## அதன் பிறகு

படம் போட்ட பணம் முழுவதையும் திருப்பவில்லை. ஆனால் விழாவில் படத்தைப் பார்த்த வேறொரு இயக்குநர் தன் முதல் கதைப்படத்துக்கு இவரை ஒளிப்பதிவாளராக அழைத்தார். முழுச் சம்பளம், கேமரா வேலை மட்டும். அடுத்த ஆவணப்படத்தின் ஆய்வுக் கட்டத்துக்கு ஒரு நிதியும் கிடைத்தது. விண்ணப்பத்தில் தயாரிப்பாளர், எடிட்டர் பெயர்கள் இருந்தன.

2020-ல் பெருந்தொற்று வந்து படப்பிடிப்புகள் நின்றன. கேமராமேனாக மட்டும் இருந்திருந்தால் அந்த ஆண்டு அவருக்கு வருமானமே இருந்திருக்காது. விட்டுவந்த எடிட்டிங்கும் கலர் கிரேடிங்கும் வீட்டிலிருந்தே செய்யக்கூடியவை. பழைய தொடர்புகளுக்கு எழுதினார், வேலை வந்தது. இந்த முறை ஒவ்வொரு வேலைக்கும் தனிக் கட்டணம் எழுதித்தான் தொடங்கினார். அந்த ஆண்டைப் பார்த்த பிறகு, ஒரே வேலையில் நிபுணராகிவிடு என்று இளைஞர்களுக்கு நான் சொல்வதில்லை. ஐந்தையும் கற்கச் சொல்கிறேன். சொந்தப் படத்தில் எந்த இரண்டை வைத்துக்கொண்டு மற்றதைக் கொடுக்கப் போகிறாய் என்றும் கேட்கிறேன்.

## மாற்ற வேண்டியவை

அடுத்த படத்தில் சில மாற்றங்கள் ஏற்கெனவே நடந்துவிட்டன. கேமராவைத் தொடும் யாராக இருந்தாலும், ஒரு நாளுக்கென்றாலும், முதல் நாளே ஒரு பக்க ஒப்பந்தம். படப்பிடிப்பு இடத்தில் ஓடும் இசையைப் பற்றி அன்றன்றே குறிப்பு: எந்தப் பாட்டு, எந்தக் காட்சி. முடிந்தால் அதே காட்சியை வானொலியை நிறுத்திவிட்டும் ஒருமுறை எடுப்பது. எடிட்டர் ஆய்வுக் கட்டத்திலிருந்தே உடன் இருக்கிறார். ஆனால் இன்றும் படப்பிடிப்புக்கு வருவதில்லை, அது அவரே வைத்த நிபந்தனை.

தீராமல் இருப்பது பின்னால் கொடுப்பதாகச் சொன்ன சம்பளம். படத்தை விற்றுக் கொடுக்கும் சேல்ஸ் ஏஜென்ட்டின் கமிஷன், அவருடைய செலவு, பிறகு முதலீடு என்று வரிசையில் போனபின் எடிட்டருக்கும் ஒலி வடிவமைப்பாளருக்கும் வந்தது பேசியதில் ஒரு பகுதிதான். இருவரும் புகார் சொல்லவில்லை என்பதால் அது சரியாகிவிடாது. அடுத்த ஒப்பந்தத்தில், முதலீடு முழுவதும் திரும்பும் வரை காத்திருக்காமல், வரும் ஒவ்வொரு தொகையிலிருந்தும் ஒரு சிறு சதவீதம் நேராக அவர்களுக்குப் போகும்படி எழுதச் சொல்லியிருக்கிறேன். தயாரிப்பாளர் கொள்கையளவில் ஒத்துக்கொண்டார். சதவீதம் எவ்வளவு என்பது இன்னும் பேச்சில் இருக்கிறது.